மாலை போட ஒரு போட்டோ

4-6-2006, ஞாயிறு
ஞாயிறு ஒரு நாள்தான் ஷூட்டிங். அதிலும் இன்று பாதியில் பேய் ஓடிவிட்டது. பேயாக நடிக்கும் சித்ராதேவி பனியன் கம்பெனி டெய்லர். போன் வந்தது. "ஷிப்மென்ட்டாம்ணே. போகலைன்னா சூப்பர்வைசர் ஏசுவாரு." முகத்தில் அப்பிய பவுடரோடு கம்பெனி வேனில் ஏறிப் போனாள். பேய்ப்படம் எடுக்கிறவனுக்கு ஷிப்மென்ட்தான் பேய்.

11-6
கதையில் செத்துப்போன புருஷனின் போட்டோ சுவரில் மாலையோடு தொங்க வேண்டும். ஒரு போட்டோ தர ஆளில்லை. கேமராமேன் முனீஸிடம் கேட்டேன். "உசுரோட இருக்கவனுக்கு மாலையா? எங்கம்மா கொன்னுரும்ணே."

சரி, என் போட்டோவையே மாட்டுகிறேன் என்றேன். என் பெண்டாட்டி சண்முகப்பிரியா கரண்டியை வீசினாள். "மாட்டீட்டுச் சொல்லுங்க, வெள்ளச்சீல கட்டீட்டு வாறேன்." அம்மா வீட்டுக்குப் போய்விட்டாள்.

13-6
மாட்டத்தான் போகிறேன். எனக்கென்ன சகுனம்? பேய்ப்படம் என்று சொன்ன நாளிலிருந்து அப்பாவே என்னோடு பேசுவதில்லை.

18-6
எழுதக் கை வரவில்லை.

எங்கள் வீட்டில்தான் ஷூட்டிங். இழவு வீடு மாதிரி தெரிய வேண்டுமென்று வாசலில் பந்தல், பிளாஸ்டிக் நாற்காலி. என் போட்டோ முன்னால் சித்ராதேவி அழ வேண்டும்; கதையில் பேயாகும் முன் அவள்தான் பெண்டாட்டி. அவளுக்கோ சிரிப்பு. "நீங்க குத்துக்கல்லாட்டம் நிக்கீக, எப்படிண்ணே அழ?" கத்தித் தீர்த்தேன்.

அப்போதுதான் அப்பா உள்ளே வந்தார். பந்தலைப் பார்த்து எவனோ அவர் வீட்டுக்குப் போய் இழவு என்று சொல்லியிருக்கிறான். காலில் செருப்பில்லை. நேரே போட்டோவிடம் போனார். "கண்ணு... என்ற கண்ணு..." அப்படியே சரிந்து உட்கார்ந்தார். நான் கேமராவுக்குப் பின்னாலிருந்து ஓடினேன். என்னைப் பார்த்ததும் எழுந்து ஓர் அறை விட்டார். அப்படியே திரும்பிப் போய்விட்டார். நன்றாக வேண்டும் எனக்கு.

19-6
முனீஸ் கேமராவை நிறுத்தவே இல்லையாம். டேப்பைப் போட்டுக் காட்டினான். "இந்த ஒரு சீன் போதும்ணே, படம் நிக்கும்."

பாவி, உண்மைதான். என் படத்தில் வேறு யாருக்கும் அப்படி ஒரு முகம் இல்லை. அதுக்காக — எங்கப்பன் அழுவறத வித்து நான் பொழைக்கோணுமா? அதன் மேலேயே வெறும் சுவரைப் பதிவு செய்து அழித்துவிட்டேன். முனீஸ் என்னை அடிக்காததுதான் குறை.

25-6
காலையில் அப்பா வந்தார். மஞ்சள் பையிலிருந்து, சட்டம் போட்ட தன் போட்டோவை எடுத்தார். "எனக்கு வயசாச்சு, பரவால்ல. இத மாட்டிக்க. உன்றத மாட்டாதே."

வாங்கி பீரோவுக்குள் வைத்துப் பூட்டினேன். மாலையும் வேண்டாம், போட்டோவும் வேண்டாம் என்றேன். கதை புரியாது என்று முனீஸ் தலையில் அடித்துக்கொண்டான். புரியாவிட்டால் போகட்டும்.

அப்பா போகவில்லை. ஜன்னல் வெயிலைத் திருப்பிவிட தெர்மகோல் பிடிக்க ஆள் வரவில்லை. சாயங்காலம் வரை அவரே பிடித்தார். "பேய்க்கு எதுக்குடா இத்தன வெளிச்சம்?" என்று என்னைத் திட்டிக்கொண்டே.