காலைத் தட்டாமல்

பிப்ரவரி 9, திங்கள்

பாப்பாவுக்கு நேற்றோடு ஒன்றரை வயது. இன்னும் 'அம்மா' வரவில்லை. ஆனால் கூப்பிட்டால் டக்கென்று திரும்புகிறாள். காது சரியாகத்தானே இருக்கிறது? பிறகென்ன பயம்.

பிப்ரவரி 14, சனி

நாளை ஓரகத்தி வீட்டில் எல்லாரும் கூடுகிறோம். அவள் மகன் பாப்பாவைவிட இரண்டு மாதம் இளையவன். வாய் ஓயாதாம்.

பிப்ரவரி 15, ஞாயிறு

கூடம் முழுக்கப் புதுக் கம்பளம். மாமியார் பாப்பாவைக் கூப்பிட்டார். இரண்டு முறை, மூன்று முறை. அவள் முதுகைக் காட்டிக்கொண்டு டப்பா மூடியைச் சுற்றிக்கொண்டிருந்தாள். விளையாட்டு மும்முரம் என்று சமாளித்தேன். நானே கூப்பிட்டேன். திரும்பவில்லை.

மாமனார் செய்தித்தாளை எடுத்தார். மூத்தார், டீயைக் குடித்து முடித்தவர்களிடம் சர்க்கரை போதுமா என்று கேட்டார். என் கணவர் என் பக்கமே பார்க்கவில்லை. மாமியார்தான், "இவ அப்பனும் மூணு வயசு வரைக்கும் வாயத் திறக்கல. இப்ப மூட முடியுதா?" என்றார். எல்லாரும் தேவைக்கு மேல் சிரித்தார்கள்.

சமையலறையில் ஓரகத்தி தட்டைத் துடைத்தபடி, என் முகத்தைப் பார்க்காமல் சொன்னாள்: "நீ கூப்பிடறப்பல்லாம் காலால தரையத் தட்டற. தெரியுமா?"

"அதுக்கென்னக்கா?"

"இங்க கம்பளம். வீட்டுல ஒரு தடவ தட்டாம கூப்பிட்டுப் பாரு."

என்ன திமிர்! தன் பிள்ளை பேசிவிட்டால் என் பிள்ளைக்குக் குறை கண்டுபிடிக்கலாமா?

பிப்ரவரி 17, செவ்வாய்

இரண்டு நாளாக அவளைக் கூப்பிடவே இல்லை. தூக்கிக்கொண்டே திரிகிறேன்.

பிப்ரவரி 18, புதன்

எங்கள் வீட்டில் மரத்தரை. சோபாவில் காலை மடக்கிக்கொண்டு கூப்பிட்டேன். ஆறு முறை. கடைசியில் கத்தினேன். அவள் கட்டை அடுக்கிக்கொண்டிருந்தாள்.

காலை இறக்கி, கால்விரலால் தரையை மெல்லத் தட்டினேன். பலகை அதிர்ந்ததும் திரும்பிச் சிரித்தாள்.

ஐயோ, இத்தன மாசமா என்ன பண்ணிட்டிருந்தேன்? யார ஏமாத்தினேன் —

பிப்ரவரி 19, வியாழன்

ஓரகத்திக்குப் போன் செய்தேன். "அக்கா" என்று மட்டும் சொன்னேன். "டாக்டர்கிட்ட எத்தன மணிக்குப் போகணும்?" என்று அவளே கேட்டாள்.

ஏப்ரல் 19, ஞாயிறு

காதுக்கருவி மாட்டி ஒன்பது நாள். இன்று மறுபடியும் அதே கூடம், அதே கம்பளம். ஆட்கள் வர வர, மாமியார் பாப்பாவின் தொப்பியைக் காதுவரை இழுத்துவிட்டார். நான் தொப்பியைக் கழற்றி என் பையில் வைத்துக்கொண்டேன்.

ஓரகத்தி பக்கத்தில் வந்து உட்கார்ந்து, என் பாதத்தின் மேல் தன் பாதத்தை வைத்து அழுத்திக்கொண்டாள். கூப்பிட்டேன்.

இரண்டாம் முறை திரும்பினாள்.