பூஜை விடுமுறையில் போன முப்பது நாள்

அன்பு மகள் தோர்ஷாவுக்கு,

பர்தமானில் நான் சுகம், முழங்கால் மட்டும் படியேறும்போது தன் பேச்சைப் பேசுகிறது. அங்கே பனி கொட்டத் தொடங்கியிருக்கும், தலையை மூடாமல் வெளியே போகாதே. முதலில் சேதி. அரிசி ஆலை நம்முடையது. வெள்ளிக்கிழமை மாவட்ட நீதிமன்றத்தில் உன் பெரியப்பாவின் மனு தள்ளுபடி ஆகிவிட்டது. ஆலை எனக்கு, ஆற்றங்கரை நிலமும் கிடங்கும் அவருக்கு என்று நடுவர் ஜூனில் எழுதிய தீர்ப்பு அப்படியே நிற்கிறது. நான்தான் ஆரம்பத்திலிருந்து சொன்னேனே, நீதான் போனில் பயந்து பயந்து பேசினாய்.

எப்படி ஜெயித்தோம் என்று கேட்டால் சிரிப்பாய். நடுவர் தீர்ப்பை எதிர்க்க மூன்று மாதம் உண்டு, தகுந்த காரணம் காட்டினால் நீதிபதி இன்னும் முப்பது நாள் தரலாம், அதற்குமேல் ஒரு நாள்கூட இல்லை. உன் பெரியப்பா முதலில் கோபத்தில் தீர்ப்பு வந்த உறையைப் பிரிக்கவே இல்லை, பிறகு ஆகாத மாதம், பாத்ர மாதத்தில் புதுக் காரியத்துக்குக் கையெழுத்துப் போடமாட்டேன் என்றார், அது முடிந்ததும் பித்ரு பட்சம் வந்தது. துர்கா பூஜை விடுமுறைக்குக் கோர்ட்டே பூட்டியிருக்கும், திறந்த அன்று கொடுத்தால் போதும் என்று ஊரே நினைப்பதுபோல அவரும் நினைத்துவிட்டார். கூடுதல் முப்பது நாளும் விடுமுறைக்குள்ளேயே முடிந்துவிட்டது, அதற்கு விடுமுறைச் சலுகை கிடையாதாம். காளி பூஜையும் கழிந்து கோர்ட் திறந்த காலையில் முதல் ஆளாகப் போய் நின்றிருக்கிறார், பாவம். தாமதத்துக்குக் காரணம் காய்ச்சல் என்று எழுதியிருந்தார். நான் நம் வக்கீல் ஹாஸ்ரா பாபுவிடம், காய்ச்சல்காரர் பக்கத்து ஊர்ச் சந்தையில் மீன் வாங்கினாரா என்று விசாரிக்கச் சொன்னேன். அவர், அதெல்லாம் வேணாம்மா, காரணம் நெசமோ பொய்யோ, நாள் தாண்டிப் போச்சு, இனி நீங்களே மன்னிச்சாலும் ஜட்ஜுக்கு அதிகாரம் இல்ல, மேல் கோர்ட்டுக்குப் போனாலும் இதே கதைதான் என்றார்.

வெளியே வந்தபோது உன் பெரியம்மா தாழ்வாரத்தில் என்னை மறித்துக்கொண்டாள். அவள் சொன்னதை அப்படியே எழுதுகிறேன். காய்ச்சலும் இல்ல ஒரு மண்ணும் இல்லடி, பித்ரு பட்சம் பதினைஞ்சு நாளும் கயாவுல இருந்தாரு, உன் புருஷனுக்குப் பிண்டம் வைக்க, அதையாவது எழுதுங்கன்னு தலையால அடிச்சுக்கிட்டேன், கோர்ட்டுல ஜெயிக்க செத்துப்போன தம்பிய சாட்சிக்கு இழுக்க மாட்டேன்னுட்டாரு என்றாள். உன் அப்பா போய் மூன்று வருஷம், அவருக்கு ஒரு கை எள்ளும் தண்ணீரும் விட ஆளில்லையே என்று நான் எத்தனை முறை அழுதிருக்கிறேன், வழக்கு நடத்திய வேகத்தில் நானாவது போய்ச் செய்தேனா. அவர் செய்திருக்கிறார், அதுவும் என்னோடு பேச்சுவார்த்தை இல்லாத நாளில். தூணோரம் நின்ற உன் பெரியப்பாவிடம் போய், பழையபடி அண்ணன் முறையில் தாதா என்றழைத்து, சாப்பிட்டீங்களா என்று மட்டும் கேட்டேன். உன் ஆலையில இந்த வருஷ கோபிந்தோபோக் அரிசி நல்லா இருக்காமே என்றார். உன் ஆலை என்று அவர் வாயாலேயே வந்துவிட்டது, கேட்க நினைத்ததுபோல இனிக்கவில்லை.

அதற்காக ஆலையை விட்டுத் தருவேன் என்று எண்ணாதே, இருபது வருஷம் உமியில் தும்மியவள் நான், அது நியாயமாக எனக்கு வந்தது. திங்கட்கிழமை பெயர்ப்பலகைக்காரன் வந்தான், சாமந்த பிரதர்ஸ் என்பதில் பிரதர்ஸை அழிக்கத்தான் வரச் சொல்லியிருந்தேன். வெறும் மெருகு பூசிவிட்டுப் போகச் சொல்லிவிட்டேன்.

உடம்பைப் பார்த்துக்கொள், மா சர்வமங்களா உன்னைக் காக்கட்டும். விஜயதசமிக்குப் பெரியவர்களை வணங்கும் வழக்கப்படி பெரியப்பாவுக்குப் பிரணாமம் சொல்லவில்லை நீ, நான்தான் தடுத்தேன். நாள் கடந்ததுதான், பரவாயில்லை, ஞாயிற்றுக்கிழமை அவருக்குப் போன் செய்.

உன் அம்மா,
கேயா சாமந்த