மூவருக்கும் என் பெருவிரல்

கடல் பொங்கிய அடுத்த வருடம், ஆடி, வெள்ளி இரவு. நான் சொல்ல மகள் எழுதுகிறாள்.

இன்று வங்கி வாசலில் சூசை, கிளாக்கர் தேவராசனை, காவலாளி உட்காரும் கதிரையால் அடித்து மண்டையை உடைத்தான். என் படகுக் கடனுக்குப் பிணை நின்றவன் என்று சூசையைக் கட்டச் சொல்லிக் கடிதம் போயிருக்கிறது.

"நான் பிணை நிக்கேல்லையடா! ஆரின்ர கைநாட்டு இது?"

"என்ர விரல்தான், தம்பி. எனக்கும் சேர்த்து வையுங்கோ எண்டு நீதானே சொன்னனீ?"

"பொய், கிழடு!" என் வாயிலும் குத்தினான். பல்லொன்று போயிற்று.

கடன் எடுத்த அன்று பிணைகாரர் மூவரும் கடலில். அவர்கள் சொன்னபடி மூவருக்கும் நானே விரல் வைத்தேன். தேவராசன் கண்டும் காணாததுபோல் விட்டான். அதற்காகத்தான் அவனை வேலையிலிருந்து நிறுத்தி விசாரிக்கிறார்கள். பிணைகாரரில் ஒருவராவது சம்மதித்ததாகச் சொன்னால் வேலை மிஞ்சுமாம்.

பிணை நின்றவர்களில் மரியானும் பேதுருவும் கடல் பொங்கியதில் செத்துப்போனார்கள். உயிரோடு இருப்பவன் சூசை.