மூன்றாவது டிஸ்க்

ஜூன் 3, செவ்வாய்

பட்டரவாக்கம் ஸ்டேஷனில் இறங்கி ஆபீஸ் வரை நடந்ததில் சட்டை முதுகோடு ஒட்டிக்கொண்டது. உள்ளே ஏ.சி. வேலை செய்யவில்லை. நாள் முழுக்க எவனோ ஒரு வெள்ளைக்காரனின் முழங்கால் ஆபரேஷன் பில். ஊசி எத்தனை, பஞ்சு எத்தனை என்று சரிபார்த்து டிக் போடுவதுதான் வேலை. இதற்கு பி.இ. படித்திருக்கிறேன்.

மதியம் பெங்களூர் கம்பெனியிலிருந்து மெயில். நான் தேர்வாகிவிட்டேன்! சாஃப்ட்வேர் டெஸ்டிங், நான் ஆசைப்பட்டுக் கற்றுக்கொண்ட வேலை. சாப்பாட்டு டப்பாவைத் திறக்கக்கூடத் தோன்றவில்லை, திரும்பத் திரும்பப் படித்தேன். கடைசி வரியில்தான் ஆப்பு. 27-ஆம் தேதி ஒரிஜினல் சான்றிதழ்களோடு நேரில் வர வேண்டுமாம்.

என் ஒரிஜினல் எங்கே இருக்கிறது? மேனேஜர் கலியமூர்த்தி சாரின் நாற்காலிக்குப் பின்னால், இரும்பு பீரோவுக்குள். பத்தாவது, பன்னிரண்டாவது, டிகிரி, எல்லாமே. சேர்ந்த அன்றே வாங்கிப் பூட்டிவிட்டார்கள். மூன்று வருடம் இங்கேயே இருப்பேன் என்று எழுதிக் கொடுத்த பாண்ட் முடிந்தால்தான் தருவார்கள். பாதிதான் முடிந்திருக்கிறது. வேலை கிடைத்த சந்தோஷத்தில் அன்றைக்குப் பல்லை இளித்துக்கொண்டு கையெழுத்துப் போட்டேன், முட்டாள்.

ஜூன் 4, புதன்

வீட்டு லோனுக்குக் கேட்கிறார்கள் என்று கலியமூர்த்தி சாரிடம் ஒரு பொய் சொல்லிப் பார்த்தேன்.

“ஜெராக்ஸ் வேணும்னா எடுத்துத் தர்றேன் தம்பி. ஒரிஜினல் மட்டும் கேக்காத. எம்.டி. என்னைத் தொலைச்சிடுவாரு.”

அந்த ஜெராக்ஸையும் அவரேதான் எடுத்தார். நான் கை நீட்டினேன், அவர் தாளை மார்போடு அணைத்துக்கொண்டார். என் டிகிரியை நான் தொடக்கூடாதாம்!

ஜூன் 7, சனி

விஷால் கடைக்குப் போனேன். என்னோடு கல்லூரியில் படித்தவன், ஆவடி மார்க்கெட் பக்கம் செல்போன் ரிப்பேர் கடை வைத்திருக்கிறான். பாண்ட் தாளின் நகலை வாங்கி, நான் இதுவரை படிக்காத பக்கத்தையெல்லாம் படித்தான்.

“மச்சான், நீயா போனாத்தான் தரமாட்டானுங்கோ. அவனுங்களே தொரத்திட்டா ஒரு வாரத்துல எல்லாத்தையும் குடுத்துடணும்னு கீது பாரு.”

“அதுக்கு?”

“இன்னாடா அதுக்கு? தொரத்தற மாதிரி நடந்துக்கோ!”

எப்படி? திருடக்கூடாது, அடிதடி கூடாது, பெயர் கெடக்கூடாது. யோசித்து யோசித்து, எங்கள் ஆபீஸ் சுவரில் ஒட்டியிருக்கும் விதிகள் நினைவுக்கு வந்தன. ஆபீஸ் கம்ப்யூட்டரில் சொந்த சாஃப்ட்வேர் ஏற்றினால் உடனடி வேலை நீக்கம். விஷால் சிரித்துக்கொண்டே ஒரு ஹார்ட் டிஸ்க்கை எடுத்துக் கொடுத்தான். பள்ளிக்கூடக் காலத்தில் அவன் வாங்கிய கேம் சிடிக்கள் அதில் இருக்கின்றன. சிடிக்கள் கீறல் விழுந்து வீணாவதற்கு முன்பு ஒவ்வொன்றையும் அப்படியே முழு நகலாக, ஐ.எஸ்.ஓ. ஃபைலாக எடுத்து வைத்திருக்கிறான்.

“சிடி செத்துப்போச்சு மாமே. உசுரு இதுல கீது.”

ஜூன் 9, திங்கள்

ஆரம்பித்துவிட்டேன். பூட்டெல்லாம் பீரோவுக்குத்தான், கம்ப்யூட்டருக்கு எங்கள் ஆபீஸில் எல்லோருக்கும் தெரிந்த ஒரே பாஸ்வேர்ட்.

கோட்டை கட்டிச் சண்டை போடும் ஒரு பழைய ஆட்டத்தை எடுத்தேன். மூன்று டிஸ்க், மூன்று ஃபைல். எங்கள் கம்ப்யூட்டரில் சிடி போடும் இடமே கிடையாது. ஆனால் ஃபைலை மவுண்ட் செய்தால், அதாவது சிடி போல மாட்டினால், புதிதாக ஒரு டிரைவ் முளைக்கிறது, உள்ளே நிஜமாகவே சிடி சுற்றுவதாக அது நம்பிவிடுகிறது. பாவம். பாதி இன்ஸ்டாலில் நின்று இரண்டாவது டிஸ்க்கைப் போடு என்றது. முதல் ஃபைலைக் கழற்றிவிட்டு இரண்டாவதை மாட்டினேன். சமர்த்தாக மேலே போயிற்று.

பட்டப்பகல் பதினொரு மணிக்கு சத்தத்தை ஏற்றிவைத்து விளையாடினேன். வாள் சத்தம், குதிரை சத்தம். பக்கத்து சீட் ஜோதிகா பேனாவைக் கீழே வைத்துவிட்டாள்.

“இன்னா பிரசன்னா, மூளை கொழம்பிடுச்சா?”

ஜூன் 10, செவ்வாய்

ஒரு நாயும் கேட்கவில்லை.

ஜூன் 11, புதன்

இன்று கலியமூர்த்தி சார் பின்னால் வந்து நின்றார். மாட்டிக்கொண்டேன் என்று எனக்கு ஒரே சந்தோஷம். திரும்பிப் பார்க்காமல் விளையாடினேன். திட்டு வரும், மெயில் வரும், மெமோ வரும். பெங்களூர் ரயிலே கண்ணுக்குத் தெரிந்தது.

“ஆட்டை விட்டுட்டியே தம்பி” என்றார்.

“சார்?”

“அதோ, ஆத்துக்கு அந்தப் பக்கம் மேயுது பாரு. மொதல்ல அதைப் புடி. சாப்பாடு இல்லாம சண்டைக்கு எங்க போவ?”

நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்துவிட்டார்! விழுப்புரத்தில் படித்தபோது ஹாஸ்டலில் ஒரே ஒரு கம்ப்யூட்டராம், வரிசையில் நின்று இந்த ஆட்டத்தை ஆடுவார்களாம். இவர் முறை வரும்போது கரண்ட் போய்விடுமாம். சாயங்காலம் குரலைத் தாழ்த்திக் கேட்டார், “இதை என் மிஷின்லயும் போட்டுத் தர்றியா?”

போட்டுக் கொடுத்தேன். வேறென்ன செய்ய?

ஜூன் 13, வெள்ளி

கம்ப்யூட்டரை அணைத்துப் போட்டால் மாட்டிய டிஸ்க் கழன்றுவிடும். டிஸ்க் இல்லாமல் ஆட்டம் திறக்காது. எத்தனை முறை சொல்லிக் கொடுத்தாலும் சாருக்குப் பிடிபடவில்லை. தினமும் காலையில் கதவைத் திறந்து, “தம்பி, டிஸ்க் காணாமப் போச்சு” என்கிறார். நான் போய் மாட்டிவிட்டு வர வேண்டும். அதற்காக என் பில்களைப் பாதியாகக் குறைத்து ஜோதிகா தலையில் கட்டிவிட்டார். அவள் என்னோடு பேசுவதை நிறுத்திவிட்டாள்.

ஜூன் 16, திங்கள்

சார் என்னைப் பற்றி எம்.டி.க்குப் பாராட்டி எழுதியிருக்கிறாராம். “உன்னை மாதிரி ஒரு பையனை நான் விடவே மாட்டேன்” என்று தோளைத் தட்டினார். அடக் கடவுளே.

வீட்டுக்கு வந்து சோற்றைப் பிசைந்துகொண்டே உட்கார்ந்திருந்தேன். “இன்னாத்துக்குடா மூஞ்சிய தூக்கி வச்சிகினு கீற?” என்று அப்பா கேட்டார். பெங்களூர் விஷயம் வீட்டில் யாருக்கும் தெரியாது. அப்பா சின்ன வயதில் அடுத்தவன் வயலில் சேறு மிதித்தவர், இப்போது ஒரு கம்பெனியில் கான்ட்ராக்ட் கூலி. நான் நாற்காலியில் உட்கார்ந்து வேலை பார்க்கிறேன் என்பதே அவருக்குப் பெரிய விஷயம். அதை விட்டுவிட்டு ஊரை விட்டே போகிறேன் என்று எந்த வாயால் சொல்வது? சர்டிபிகேட் கைக்கு வந்த பிறகு சொல்லிக்கொள்ளலாம்.

ஜூன் 19, வியாழன்

சார் கடைசிக் கட்டத்துக்கு வந்ததும் ஆட்டம் மூன்றாவது டிஸ்க்கைக் கேட்டது. நான் காப்பி செய்து வைத்திருந்த ஃபைல் பாதியில் அறுந்துபோயிருக்கிறது, மாட்டினால் பிழை காட்டுகிறது. சார் பரிதவித்துப் போனார். விஷாலிடம் நல்ல ஃபைல் இருக்கிறது என்றதும் முகம் மலர்ந்தது.

எனக்கு எங்கிருந்து அவ்வளவு துணிச்சல் வந்ததோ. கதவைச் சாத்திவிட்டு பெங்களூர் வேலையைப் பற்றி எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். “நாளைக்கு டிஸ்க்கைக் கொண்டு வர்றேன் சார். என் சர்டிபிகேட்டைக் குடுத்துடுங்க.”

அவர் முகம் சுருங்கிவிட்டது. திரையையே பார்த்துக்கொண்டிருந்தார்.

“அது மட்டும் என்னால முடியாது தம்பி. டிஸ்க் வேணாம், விடு.”

வெட்கமாகப் போயிற்று. மிரட்டிப் பிடுங்கப் பார்த்தேனே, அதுவும் இந்த மனிதரிடம். விஷால் கடைக்குப் போய் ஃபைலை வாங்கிவந்துவிட்டேன். நாளை சும்மாவே கொடுத்துவிட வேண்டும்.

ஜூன் 20, வெள்ளி

எல்லாம் தலைகீழாகிவிட்டது.

எம்.டி. மாதத்துக்கு ஒரு முறைதான் வருவார், அதுவும் சொல்லிவிட்டு வருவார். இன்று சொல்லவில்லை. நேராக சார் அறைக்குள் போனார். உள்ளே மூன்றாவது டிஸ்க் ஓடிக்கொண்டிருக்கிறது, கோட்டை மதில் இடிகிற சத்தம் வெளியே எங்களுக்கே கேட்கிறது.

“யாருய்யா இதை ஏத்தினது?”

நான் ஓடினேன். “நான்தான் சார்! நான்தான் ஏத்தினேன்!” இவ்வளவு ஆசையாக எவனும் குற்றத்தை ஒப்புக்கொண்டிருக்க மாட்டான்.

கலியமூர்த்தி சார் எழுந்து நின்றார். “அவன் மேல தப்பு இல்ல சார். நான் ஏத்தச் சொன்னேன், ஏத்தினான். மேனேஜர் சொன்னா மாட்டேன்னா சொல்வான்?”

சார், வேண்டாம் சார் என்று எனக்குக் கத்த வேண்டும்போல் இருந்தது. என்னைக் காப்பாற்றுகிறாராம். நல்ல மனுஷன், நாசமாப் போக, என் ஒரே வழியையும் அடைச்சிட்டாரு.

அவரை வேலையை விட்டு எடுத்துவிட்டார்கள். எனக்கு வாய்வார்த்தையாக ஒரு எச்சரிக்கை.

ஜூன் 21, சனி

சார் பொறுப்பு ஒப்படைக்க வந்தார். பீரோவைத் திறந்து எங்கள் ஃபைல்களை எல்லாம் காட்டிவிட்டு, கடைசித் தட்டில் கையை விட்டுப் பழைய ஃபைல் ஒன்றை வெளியே எடுத்தார். பிளாஸ்டிக் உறை மதிப்பெண் பட்டியலோடு ஒட்டிப்போயிருந்தது. மேலே கலியமூர்த்தி என்று எழுதியிருந்தது.

“உங்களுதும் இதுக்குள்ளயா சார்?”

“பதினோரு வருஷமா.”

“பாண்ட் மூணு வருஷம்தானே? சாவிகூட உங்ககிட்டதானே இருந்துச்சு?”

“அதனாலதான் தம்பி அவசரமே படலை” என்றார். வாத்தியார் வேலைக்குப் போக ஆசையாம் அவருக்கு. ஒவ்வொரு வருடமும் அடுத்த வருடம் பார்த்துக்கொள்ளலாம் என்று இருந்துவிட்டாராம். சொல்லிவிட்டுச் சிரித்தார். ஃபைலைக் கக்கத்தில் வைத்துக்கொண்டு படியிறங்கிப் போனார்.

ஆட்டம் போட்டது நான். விடுதலை அவருக்கு.

ஜூன் 23, திங்கள்

எம்.டி. கூப்பிட்டு பீரோ சாவியை என் கையில் வைத்தார். கலியமூர்த்தி எழுதிய பாராட்டைப் படித்தாராம். இனி நான்தான் மேனேஜர். “ஒரு ஃபைல் குறைஞ்சாலும் நீங்கதான் பதில் சொல்லணும்.”

அம்மாவிடம் வாய் தவறிச் சொல்லிவிட்டேன். அரை மணி நேரத்தில் எங்கள் சேக்காடு முழுக்கத் தெரிந்துவிட்டது. அப்பா ஜாங்கிரி வாங்கிவந்து தெருவில் கொடுத்தார். “எம்புள்ள மேனேஜரு! பீரோ சாவியே அவன் கைலதான் கீது.” அவர் அப்படிச் சிரித்து நான் பார்த்ததே இல்லை.

சரி, இருக்கட்டும். 26-ஆம் தேதி சாயங்காலம் ஃபைலை எடுத்துக்கொண்டு ரயிலேறினால் முடிந்தது.

ஜூன் 26, வியாழன்

மதியம் எல்லோரும் சாப்பிடப் போனதும் பீரோவைத் திறந்தேன். என் டிகிரியைத் தொட்டேன். பைக்குள் வைத்தேன். மறுபடி எடுத்து உள்ளேயே வைத்தேன். மாதக் கடைசி, பில் எல்லாம் குவிந்து கிடக்கிறது. அப்பா ஞாயிற்றுக்கிழமை குலதெய்வம் கோவிலுக்குப் பொங்கல் வைக்க ஏற்பாடு செய்திருக்கிறார். ஒரு வாரம் தள்ளிப்போட முடியுமா என்று பெங்களூருக்கு மெயில் அனுப்பியிருக்கிறேன். கேட்பதில் என்ன தப்பு?

ஜூன் 27, வெள்ளி

போகவில்லை. பதில் வந்தது, நல்லவர்கள். ஜூலை 4 வரை நேரம் கொடுத்திருக்கிறார்கள்.

ஜூலை 1, செவ்வாய்

ஜோதிகா அறைக்கு வந்து அவளுடைய ஃபைலைக் கேட்டாள். வேளச்சேரியில் வேலை கிடைத்திருக்கிறதாம். எடுத்துக் கொடுத்துவிட்டேன், அந்த இடத்தில் ஜெராக்ஸை வைத்தேன். ஒன்றும் ஆகவில்லை. இவ்வளவுதானா? ரொம்ப நாளைக்குப் பிறகு என்னைப் பார்த்துச் சிரித்தாள்.

“நீயும் கெளம்புடா. இன்னாத்துக்கு இங்க குந்திகினு கீற?”

ஜூலை 4, வெள்ளி

எம்.டி. வந்திருந்தார். நகர முடியவில்லை.

ஜூலை 19, சனி

கலியமூர்த்தி சார் போன் செய்தார். பூந்தமல்லியில் ஒரு பள்ளிக்கூடத்தில் கம்ப்யூட்டர் வாத்தியாராகச் சேர்ந்துவிட்டாராம். பின்னால் பிள்ளைகள் கூச்சலிடுவது கேட்டது. வீட்டிலும் அந்த ஆட்டத்தை ஏற்றி, இப்போது தானாகவே டிஸ்க் மாட்டக் கற்றுக்கொண்டாராம். மூன்றாவது டிஸ்க்கையும் முடித்துவிட்டாராம்.

“பெங்களூர் எப்படித் தம்பி இருக்கு? குளிருதா?”

“இன்னும் போகல சார். இங்கதான் இருக்கேன்.”

“ஃபைலை எடுத்துட்ட இல்ல?”

“சாவி என்கிட்டதானே சார் இருக்கு” என்றேன்.

போன் கட்டாகிவிட்டதோ என்று பார்த்தேன், இல்லை, பிள்ளைகளின் சத்தம் கேட்டுக்கொண்டேதான் இருந்தது.