ஆறாம் பக்கத்துக் கையெழுத்து

குற்றாலம்,
ஆகஸ்ட் 8.

அன்பு முஹ்ஸினாவுக்கு,

உன் ஆவுடைத்தாய் அக்கா எழுதுவது. உடம்புக்கு ஒன்றும் இல்லை, பயப்படாதே. ஓசூர்க் குளிர் உனக்கு ஒத்துக்கொண்டதா, மகள் கடையநல்லூரில் உன் உம்மாவிடம் அடம்பிடிக்காமல் இருக்கிறாளா என்று எழுதவும். இதையெல்லாம் போனில் கேட்டிருக்கலாம். ஆனால் நான் வழக்குப் பேச்சை எடுத்தாலே, "அக்கா, இங்கன சிக்னல் சரியில்ல" என்று வைத்துவிடுகிறாய். மூன்று முறை ஆயிற்று. கடிதத்தை அப்படி வைக்க முடியாது. அதனால்தான் எழுதுகிறேன்.

இந்த வருடம் சாரல் நன்றாக இருக்கிறது. நம் அலுவலக வாசல் வழியாகக் கூட்டம் கூட்டமாக ஐந்தருவிக்குப் போகிறார்கள். நான் கதவைத் திறந்து வைத்துக்கொண்டுதான் மதியம் சாப்பிடுகிறேன். மலைக்கனி வாரியத்தைக் கலைத்து எட்டு மாதம் ஆகிவிட்டது. நீங்கள் இருபத்தாறு பேரும் ஆளுக்கொரு துறையாகப் போய்விட்டீர்கள். பதிவேடுகளை ஒப்படைக்க என்று என்னை மட்டும் விட்டு வைத்திருக்கிறார்கள். யாராவது கேட்டுக்குள் எட்டிப் பார்த்து மங்குஸ்தான் கன்று கிடைக்குமா என்று கேட்டால், இல்லை என்று சொல்லி அனுப்ப மனம் வருவதில்லை. உட்கார வைத்துப் பேசுகிறேன். சத்தம் போடாதீர்கள் என்று உங்களை அதட்டிக்கொண்டே இருந்தவள் நான்தான். தனியாக இருப்பது எனக்குப் பழக்கம் என்று நினைத்திருந்தேன். இலத்தூர் வீட்டில் தனியாக இருப்பது வேறு, இது வேறு.

போன வாரம் நம் டிரைவர் குற்றாலீஸ்வரன் லீவில் வந்தான். ஓசூருக்கு ஒரு வேலையாகப் போனபோது உன்னைப் பார்த்தானாம். "தபால் செக்சன்ல ஒரு மூலையில உக்காந்திருக்காங்க மேடம். போன வருசம் சேந்த புள்ள சீனியராம். அது சொல்லுதத இவங்க செய்யுதாங்க" என்றான். பதினான்கு வருடம் வேலை பார்த்தவளைப் பணிமூப்புப் பட்டியலில் கடைசிப் பெயராகப் போட்டிருக்கிறார்கள். அடுத்து வரும் பதவி உயர்வும் உனக்குக் கிடையாது. என்னிடம் இதைப் பற்றி நீ ஒரு வார்த்தை சொல்லவில்லை.

எல்லாவற்றுக்கும், வேறு துறைகளில் சேர நீங்கள் கொடுத்த அந்தச் சேர்க்கைப் படிவத்தின் ஆறாம் பக்கம்தான் காரணம். வாரியத்தில் பணிபுரிந்த காலத்தைப் பணிமூப்புக்கோ பதவி உயர்வுக்கோ கோரமாட்டேன் என்று அதில் இருக்கிறது. தலைமையகம் படிவத்தை அனுப்பியதே மாதக் கடைசி நாள் காலையில். மறுநாள் புது இடத்தில் சேராவிட்டால் பணி முறிவு ஆகிவிடும் என்று எல்லாருக்கும் பதற்றம். நானும் பண்டிகை முன்பணத்துக்குக் கையெழுத்து வாங்குகிற மாதிரியே வாங்கினேன். போட வேண்டிய இடங்களில் பென்சிலால் பெருக்கல் குறி போட்டு, அந்தப் பக்கங்களை மட்டும் மடக்கி நீட்டினேன். குறி இருந்த இடத்தில் எல்லாரும் போட்டார்கள். நீ ஒருத்திதான் நிறுத்தி, "அக்கா, இதுல என்னமோ எழுதியிருக்கே, வாசிச்சிட்டுப் போடுதேன்" என்றாய். நான், "ஏட்டி, பஸ்ஸ விட்டுருவ. வழக்கமா உள்ளதுதான், போட்டுட்டுக் கெளம்பு" என்றேன். உண்மையில் நானே அதைப் படிக்கவில்லை. முப்பத்தோரு வருட சர்வீஸில் படிக்காமல் ஒரு காகிதத்தை நகர்த்தியது அன்று மட்டும்தான் என்று எழுத ஆசையாக இருக்கிறது. அதுவும் பொய்.

உங்கள் எல்லாருடைய சர்வீஸையும் திரும்பக் கேட்கும் வழக்குக்காகத் தென்காசியில் வக்கீல் சுபாஷைப் பார்த்தேன். விவரம் தெரிந்து, விரும்பிக் கொடுத்த சம்மதம் என்றுதான் அரசுத் தரப்பு சொல்லும் என்கிறார். படிக்கக் கேட்டும் விடவில்லை என்று பாதிக்கப்பட்ட ஒருவர் பிரமாணப் பத்திரம் கொடுத்தால் வழக்கு வலுவாக நிற்குமாம். அப்படிக் கேட்டது நீ ஒருத்திதான். நீயோ அவரிடம், "யாரு பேப்பரக் குடுத்தாங்கன்னு நெனவில்ல சார்" என்று சொல்லியிருக்கிறாய். எனக்குச் சிரிப்பும் வந்தது, கோபமும் வந்தது. நான் எந்தத் தேதியில் என்ன சேலை கட்டினேன் என்பது வரை சொல்கிறவளுக்கு இது மட்டும் மறந்துவிட்டதாக்கும்.

ஏன் மறந்தாய் என்று தெரியும். எனக்கு முப்பத்தொன்றாம் தேதி ஓய்வு. என் பெயர் வந்தால் மெமோ வரும், பென்ஷனை இழுத்தடிப்பார்கள் என்று பயப்படுகிறாய். முஹ்ஸினா, நான் நேற்றே என் பங்கை எழுதிக் கையெழுத்துப் போட்டு வக்கீலிடம் கொடுத்துவிட்டேன். நடந்தது அத்தனையும் அதில் இருக்கிறது. இனி நீ மறைத்து என்னைக் காப்பாற்ற முடியாது. நீ நினைவில்லை என்று நின்றால், நான் சொன்னதும் எடுபடாமல் போய்விடும். உன்னோடு சேர்ந்து மற்றவர்களின் சர்வீஸும் போய்விடும். எனக்காக யாரும் எதையும் விட்டுக்கொடுத்துப் பழக்கமில்லை. இதை எப்படி வாங்கிக்கொள்வது என்று எனக்குத் தெரியவில்லை. வேண்டாம்.

மனு பதினெட்டாம் தேதி மதுரை உயர் நீதிமன்றக் கிளையில் தாக்கலாகிறது. அதற்குள் உன் பத்திரம் வக்கீலுக்குக் கிடைக்க வேண்டும். "மேலதிகாரி ஒருவர்" என்று பூசி மெழுகாதே. கண்காணிப்பாளர் ஆவுடைத்தாய் என்றே எழுது.

நீயும் பிள்ளையும் நன்றாக இருக்க வேண்டும். நீ விட்ட இடத்திலிருந்து மேலே போக வேண்டும். நான் தினமும் வேண்டிக்கொள்கிறேன்.

இன்னொன்று. முப்பத்தொன்றாம் தேதி இங்கே பிரிவு உபசாரம் எதுவும் கிடையாது, செய்ய ஆள் இல்லை. சாயங்காலம் ஐந்தே முக்காலுக்கு நானே கதவைப் பூட்டிச் சாவியைக் கொடுத்துவிட்டுப் போக வேண்டும். எனக்கு எதிராகக் கையெழுத்துப் போட்ட பிறகு என் முகத்தில் விழிக்க உனக்குக் கூச்சமாக இருக்கும். இருந்தாலும் ஒரு நாள் லீவு போட்டு வா. நீயாவது பக்கத்தில் நில்.

உன்
ஆவுடைத்தாய் அக்கா