சம்பந்தியம்மா அடித்துவிட்ட வசனம்

அன்புள்ள ரெனாட்டே சம்பந்தியம்மா,

உங்கள் நாடகத்தை முதன்முதலாகப் பார்த்தபோது, முடியும்வரை உங்கள் முகத்தைத்தான் தேடிக்கொண்டிருந்தேன். "எனக்கு மாமியார் ஆகப்போறவங்க ஜெர்மன் டிவியில இருக்காங்க" என்று வித்யா சொன்னதும், நீங்கள் நடிகை என்று எடுத்துக்கொண்டேன். கல்யாணத்துக்கு நீங்கள் காஞ்சிபுரம் வந்ததும், நடிப்பு பிரமாதம் என்று வேறு சொல்லிவைத்தேன். என் மகள் அதை மொழிபெயர்க்க மறுத்துவிட்டாள். நீங்கள் எப்படியோ புரிந்துகொண்டு சிரித்தீர்கள்.

பிறகுதான் உங்கள் வேலை தெரிந்தது. டிவி ஆபீசில் மற்றவர்கள் எழுதியதை டைப் அடிக்கச் சேர்ந்தவர் நீங்கள். தினசரி நாடகத்துக்குப் பல வருடம் வசனம் எழுதியும் பெயர் வரவில்லை. அப்புறம் போலீஸ் கதை, ஆஸ்பத்திரி கதை. கடைசியில்தான் உங்கள் பெயர் தனியாக, முதலில் வந்தது.

பட்டுச்சேலைக் கடையில் சேலை விரித்துப் போடுகிற என்னிடம் கேட்க என்ன இருக்கிறது? நீங்கள் கேட்டீர்கள், வந்தவர் வாங்கமாட்டார் என்று எப்போது தெரியும் என்று. விலை கேட்காமல் சேலையைப் புகழ ஆரம்பித்தால் என்றேன். அதற்கும் தலையாட்டினீர்கள்.

போன வாரம் உங்கள் கடைசி நாடகம் அங்கே வந்தது. வித்யா வீடியோ காலில் தமிழில் சொல்லிக்கொண்டே காட்டினாள். மகளை வெளிநாட்டுக்கு வழியனுப்புகிற ஓர் அப்பா. ஏர்போர்ட்டில் ஓயாமல் ஜோக் அடிக்கிறார். மகள் உள்ளே போன பிறகு காலி டிராலியைப் பிடித்தபடி நிற்கிறார். வசனமே இல்லை. கல்யாணம் முடிந்து வித்யாவும் மாப்பிள்ளையும் கிளம்பிய அன்றைக்கு நீங்களும் அவர்களோடு அதே விமானத்தில்தானே போனீர்கள்? உள்ளே போகும்போது என்னைத் திரும்பிப் பார்த்திருக்கிறீர்கள்.

"அத்தை எப்பவும் வசனத்தை எழுதிட்டு, கோடு போட்டு அடிச்சிடுவாங்கப்பா. நடிகர் அதை மனசுல வச்சிக்கினு நிக்கணும். இங்க என்ன எழுதி அடிச்சிருப்பாங்க?" என்று கேட்டாள்.

"பார்க்கிங் டோக்கனை எங்க வச்சேன்னு யோசிச்சிக்கினு இருப்பாரும்மா."

அவள் சிரிக்கவில்லை. "நான் இங்க வந்தது உனக்குப் பிடிக்கலையாப்பா?"

"மாப்பிள்ளை தங்கமானவரும்மா" என்றேன். அது பதில் இல்லை என்று அவளுக்குத் தெரிந்ததா, சம்பந்தியம்மா?

வைகாசி கருடசேவைக்கு வருகிறாள். பத்திரிகைக்கு அனுப்புகிற இந்தக் கடிதம் அச்சில் வந்து அவள் கண்ணில் படுவதற்குள் நானே நேரில் சொல்லிவிடுகிறேன். சத்தியம். டிராலியைப் பிடித்துக்கொண்டு அன்றைக்கு நான் வாய்விட்டுச் சொல்லாதது இவ்வளவுதான்:

போகாதேம்மா.

உங்கள் சம்பந்தி,
வித்யாவின் அப்பா