டீ குடித்த சம்பந்திகள்

ஜூலை 14, செவ்வாய். ஓசூர்.

வந்ததிலிருந்து மூன்று முறை வாய் கொப்பளித்துவிட்டேன்.

என் ரூம்மேட் ஸ்டெல்லாவும் எங்கள் கம்பெனி அன்வரும் மதம் மாறாமல் கல்யாணம் செய்துகொள்ளப் பதிவு அலுவலகத்தில் மனு கொடுத்திருந்தார்கள். சட்டப்படி அதை நோட்டீஸ் பலகையில் ஒட்டினார்கள். எவனோ அதைப் படம் எடுத்து இரண்டு வீட்டுக்கும் அனுப்பிவிட்டான். இன்று காலை இருவரையும் போலீஸ் ஸ்டேஷனுக்குக் கூப்பிட்டார்கள். நானும் துணைக்குப் போனேன்.

"ரெண்டு பேரும் மேஜருங்க சார்" என்றேன்.

"சட்டம் எனக்கும் தெரியும்மா. பெரியவங்க பேசிட்டிருக்காங்க இல்ல, கம்முனு இரு" என்றார் எஸ்.ஐ.

பெரியவர்கள் என்றால் இரண்டு அப்பாக்கள். ஒருவர் சர்ச்சில் தலைகாட்ட முடியாது என்றார், மற்றவர் ஜமாத்தில்.

"உங்க பொண்ண நீங்க கூட்டிட்டுப் போயிருங்க. என் பையன நான் பாத்துக்கறேன்" என்றார் அன்வரின் அப்பா.

"அதாங்க பாய் நியாயம்" என்றார் ஸ்டெல்லாவின் அப்பா.

அழுதுகொண்டிருந்தவளை யாரும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. டீ வந்தது. "நீங்க மொதல்ல எடுத்துக்குங்க" என்று ஒருவருக்கொருவர் உபசாரம் வேறு. சம்பந்தம் பேச வந்தவர்கள்கூட இவ்வளவு மரியாதையாக இருக்கமாட்டார்கள்.

இப்போது எதிர்க்கட்டில் காலி. அவளுடைய யூனிஃபார்ம் மட்டும் கொடியில் தொங்குகிறது.

ஸ்டேஷனில் எனக்கும் ஒரு கப் டீ நீட்டினார்கள். நானும் வாங்கிக் குடித்தேன்.